வழிவிடுங்க... மர யானை வருது!

நாலு மாடி உயர யானை ஒன்று அசைந்து அசைந்து வருது. காது ஆடுது. கண் சிமிட்டுது. தும்பிக்கையைத் தூக்கி, வேடிக்கை பார்க்கிற கூட்டத்து மேல 'புஸ்ஸ்'னு தண்ணி அடிக்குது. அது மேல ஐம்பது பேர் ஏறிக்கிட்டு கை காட்டுறாங்க.

கனவெல்லாம் இல்லை பாஸ். பிரான்ஸில் இருக்கிற நாந்த் நகரம்!

பாரிஸில் அதிவேக ரயில் பிடித்தால் இரண்டு மணி நேரச் சொச்சம். அங்கிருந்து டிராம். 'ஷான்தியே நவால்' ஸ்டாப்பில் இறங்கினால், லுவார் ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு மஞ்சள் ராட்சத கிரேன் தெரியும். அதுதான் அடையாளம். ஸ்டாப்பின் பெயருக்கு அர்த்தமே கப்பல் கட்டும் தளம்தான். 1987-ல் கப்பல் வேலை மொத்தமா நின்னுபோச்சு. அப்பாவும் மகனும் ஒரே பட்டறையில் வெல்டிங் வைத்த ஊருக்கு அது எப்படி இருந்திருக்கும்? ஆலை மூடின எந்த ஊர்க்காரரைக் கேட்டாலும் சொல்வார்.

அந்தப் பழைய கொட்டகைகளில்தான் 2007-ல் 'தீவின் இயந்திரங்கள்' என்ற பட்டறையைத் திறந்தாங்க பிரான்ஸ்வா டெலரோசியேர், பியர் ஒரெஃபீஸ் என்ற இருவர். லியனார்டோ டாவின்சியின் இயந்திர ஓவியங்களும், 1828-ல் இதே ஊரில் பிறந்த ஜூல்ஸ் வெர்னின் கதைகளும்தான் அவங்களுக்கு மூலதனம். வெர்ன் 1880-ல் எழுதிய ஒரு நாவலில், நீராவியில் ஓடும் இரும்பு யானை ஒன்று வீட்டையே இழுத்துக்கிட்டு வட இந்தியா சுற்றும். ஆக, நாந்த் யானைக்கு நம்ம நாட்டுச் சொந்தமும் உண்டு!

உயரம் 12 மீட்டர், நீளம் 21 மீட்டர், எடை 48 டன். உள்ளே இரும்பு எலும்புக்கூடு, மேலே மரத் தோல், காது மட்டும் நிஜத் தோல். நம்ம ஊர் ஜேசிபி கை மடக்குதே, அதே எண்ணெய் அழுத்த டெக்னிக்தான் தும்பிக்கைக்கும். ஒரு ரகசியம்... யானை நிஜமா நடக்கலை. எடையைத் தாங்குறது சக்கரம். கால்கள் நடக்கிற மாதிரி பாவ்லா காட்டும். மெக்கானிக்கல் பசங்க முறைக்காதீங்க, ஒரு நிமிஷம் பார்த்தா சக்கரமே மறந்துடும். அவங்க எதையும் மூடி மறைக்கிறதும் இல்லை. மூட்டு, குழாய், பிஸ்டன் எல்லாம் வெளியே தெரியும். பட்டறையில் வேலை நடக்கிறதையும் மேலே நின்னு பார்க்கலாம். சவாரிக்கு டிக்கெட் கிடைக்கலைன்னா கவலைப்படாதீங்க. யானை முழுசா தெரியறது கீழே நிற்கிறவனுக்குத்தான்.

2012-ல் மூணு அடுக்கு கடல் ராட்டினம் வந்தது. மீன், நண்டு, கடல் பூதம் எல்லாம் சுத்தும். அடுத்ததுதான் பெரிய கனவு: நாரை மரம். 35 மீட்டர் உயர இரும்பு மரம், கிளைகள் மேல நடைபாதை, உச்சியில் ஆட்களை ஏற்றிப் பறக்கும் இரண்டு நாரைகள். சோதனைக்கு ஒரு கிளையையே செஞ்சு நிறுத்தினாங்க. பொதுமக்கள் ஆயிரக்கணக்கில் நன்கொடை கொடுத்தாங்க. ஆனா 35 மில்லியன் யூரோ என்று ஆரம்பித்த கணக்கு 50 மில்லியனைத் தாண்டிப் போச்சு. 2022 செப்டம்பரில் மேயர் யோஹானா ரோலாண்ட் திட்டத்தையே நிறுத்திட்டார்.

மேயர் செய்தது சரின்னுதான் எனக்குத் தோணுது, அது வரிப்பணம். அந்த மரத்தின் வரைபடத்தைப் பார்த்தா மட்டும் மனசு ஒத்துக்க மாட்டேங்குது.

ஆற்றோரமா மேற்கே போனா, மரத்துக்காக ஒதுக்கி வைத்திருந்த பழைய கல்குவாரி வரும். 2019-லேயே அதைத் தோட்டமா ஆக்கிட்டாங்க. பாறை மேலிருந்து அருவி கொட்டுது. பசங்க கும்பலா உட்கார்ந்து அரட்டை அடிக்கிறாங்க. அனுமதி இலவசம்.