தனி ஆளாய் ஊட்டிக்கு!

“ஊட்டிக்கு ஒரு தரம் போய்வர வேண்டும்” என்று பத்து வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கும் மனிதர் உங்கள் தெருவில் ஒருவராவது இருப்பார். அவர் நீங்களாகவே இருந்தாலும் பாதகமில்லை! ஒரு வருஷம் சிநேகிதருக்கு லீவு கிடைக்கவில்லை. அடுத்த வருஷம் மைத்துனர் கடைசி நேரத்தில் கையை விரித்தார். அப்புறம் குழந்தைகளுக்குப் பரீட்சை. மலை அங்கேயேதான் இருக்கிறது. நம் முழங்கால்தான் பழையதாகிக்கொண்டு வருகிறது. துணைக்குக் காத்திராமல் ஒரு தரம் தனியாகவே புறப்பட்டுப் பாருங்களேன்!

“தனியாகப் போனால் செலவு கூடுமே?” என்பீர்கள். நியாயமான கேள்விதான். பிரயாணச் செலவில் இரண்டு தினுசு உண்டு. பஸ், ரயில், சாப்பாடு, பூங்கா டிக்கெட் எல்லாம் தலைக்கு இவ்வளவு என்று கேட்பவை. ஹோட்டல் அறையும் டாக்ஸியும் மொத்தமாகக் கேட்பவை. நாலு பேர் பங்கிட்டுக்கொள்ளும் டாக்ஸி வாடகையைத் தனி ஆள் ஒருவரே அழ வேண்டும். ஆகவே, தலைக்கணக்கில் கிடைப்பதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, மற்றதை எவ்வளவு குறைக்கலாம் என்று பாருங்கள். அவ்வளவுதான் ரகசியம்.

முதலில் காலம். ஏப்ரல், மே மாதங்களில் ஊரே ஊட்டிக்கு வந்துவிடும். அறை வாடகையும் மலை ஏறிவிடும். ஜூனுக்கு மேல் மழை. ஐப்பசி, கார்த்திகையிலும் மழை வலுத்தால் மண் சரிந்து மலை ரயில் நின்றுபோவது உண்டு. பொங்கல் கூட்டம் கலைந்த பிறகு, மார்ச் ஆரம்பத்துக்குள், செவ்வாய் முதல் வியாழன் வரை இரண்டு இரவு தங்குமாறு வைத்துக்கொள்ளுங்கள். குளிர் பல்லைக் கிட்டவைக்கும். ஆனால் வானம் தெளிந்திருக்கும், அறைக்குப் பேரம் பேசவும் இடம் இருக்கும்.

அடுத்தது வழி. சென்னையிலிருந்து நீலகிரி எக்ஸ்பிரஸில் இரவு ஏறினால், விடியற்காலையில் மேட்டுப்பாளையம். அங்கிருந்து 7 மணிக்குச் சற்றுப் பின் மலை ரயில் கிளம்புகிறது. 1899ல் குன்னூர் வரையிலும், 1908ல் ஊட்டி வரையிலும் வந்த பாதை இது. 2005ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. 46 கிலோமீட்டரில் 208 வளைவுகள், 16 குகைகள், 250 பாலங்கள்! கல்லாறிலிருந்து குன்னூர் வரை தண்டவாளத்தின் நடுவே உள்ள பற்களைச் சக்கரம் கவ்விக்கொள்ள, எஞ்சின் பின்னாலிருந்து வண்டியைத் தள்ளிக்கொண்டு ஏறும். ஊட்டி சேரச் சுமார் ஐந்து மணி நேரம்.

டிக்கெட் பல நாள் முன்னதாகவே தீர்ந்துவிடும். கிடைக்காவிட்டால் மனம் தளர வேண்டாம். மேட்டுப்பாளையத்திலிருந்து அரசு பஸ்ஸில் குன்னூர் சென்று, அங்கிருந்து ஊட்டிக்குப் போகும் சின்ன ரயிலில் ஏறுங்கள். வெலிங்டன், அருவங்காடு, கேத்தி, லவ்டேல் என்று ஒரு மணி நேரச் சவாரி. கேத்திப் பள்ளத்தாக்கு ஜன்னலோரமாகவே வந்து நிற்கும். காரில் வருபவர்கள் இ-பாஸ் எடுக்க வேண்டும் என்ற உயர் நீதிமன்ற உத்தரவு 2024 மே 7 முதல் அமலுக்கு வந்தது. பஸ்ஸிலும் ரயிலிலும் வருபவருக்கு அந்தக் கவலையும் இல்லை.

ஊட்டி ஸ்டேஷனும் பஸ் நிலையமும் ஏரியும் அருகருகே இருப்பவை. அந்தப் பக்கமே ஜாகை பார்த்தால் ஆட்டோச் செலவு மிச்சம். கட்டிலுக்கு இவ்வளவு என்று வாங்கும் டார்மிட்டரி உண்டா என்று விசாரியுங்கள். அறைதான் என்றால், பணம் கட்டுமுன் இரண்டு கேள்வி: வெந்நீர் எத்தனை மணிக்கு வரும்? கம்பளி எத்தனை தருவீர்கள்? வீட்டிலிருந்தே ஸ்வெட்டரும் எவர்சில்வர் கூஜாவும் எடுத்துச் செல்லுங்கள். பிளாஸ்டிக் தண்ணீர்ப் பாட்டிலுக்கு நீலகிரியில் தடை.

தனியாகச் செல்லும் சகோதரிகளுக்கு ஒரு வார்த்தை: வெளிச்சம் இருக்கும்போதே ஊர் போய்ச் சேருகிற வண்டியாகப் பாருங்கள். முதல் இரவுக்காவது அறையை முன்கூட்டியே பேசி, அந்த விலாசத்தை வீட்டில் கொடுத்துவிட்டுப் புறப்படுங்கள். வீட்டாருக்கும் அன்று தூக்கம் வரும்.

ஊருக்குள் கால்நடைதான் உத்தமம். மார்க்கெட்டைச் சுற்றி, சேரிங் கிராஸ் தாண்டி, தாவரவியல் பூங்காவுக்கு நடந்தே போகலாம். வழியில் சூடாக ஒரு டீ, கடிக்க வர்க்கி. பூங்காவில் சுமார் 2 கோடி வருஷத்துக்கு முந்திய மரம் ஒன்று கல்லாய்ச் சமைந்து கிடக்கிறது. கூட்டத்தோடு வந்தவர்கள் அதன் பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டு ஓடுவார்கள். உங்களை யார் அவசரப்படுத்துவது? அரை மணி உட்கார்ந்து பாருங்கள். போதும் என்று தோன்றும்போது எழுந்தால் போதும். வீட்டில், ஆபீஸில், கல்யாணத்தில் எங்கேயும் நமக்குக் கிடைக்காத சௌகரியம் அல்லவா அது?

இன்றைக்கே காலண்டரில் ஒரு செவ்வாய்க்கிழமையைச் சுழித்து வையுங்கள். மைத்துனருக்கு மலை மேலிருந்து ஒரு படம் அனுப்பினால் போதும். அடுத்த தரம் அவரே முந்திக்கொண்டு டிக்கெட் வாங்கிவிடுவார்!