தொட்டிலின் பெயர்

நாகர்கோவிலிலிருந்து திருவனந்தபுரம் வந்து, முனைவர் பட்ட ஆய்வின் நான்காம் ஆண்டில் இருக்கும் ஒருவர், சென்ற மாதம் ஒரு பிற்பகலில் தம் ஏழு மாத மகளைத் தொட்டிலிலிட்டு ஒரு கையால் ஆட்டியபடியே, மறுகையில் கைப்பேசியைப் பிடித்துத் 'தூவல்ஸ்பர்ஷம்' பார்த்தார். அவர் மனைவி வங்கியில் பணிபுரிகிறார். 26 வார மகப்பேறு விடுப்பு முடிந்ததும் அவர் பணிக்குத் திரும்பிவிட்டமையால், பகல் முழுவதும் குழந்தை தந்தையின் பொறுப்பு.

கமல் இயக்கி 1990இல் வெளிவந்த அப்படத்தில் ஜெயராம், முகேஷ், சாயிகுமார் மூவரும் ஒரே வீட்டில் வாழும் மணமாகாத இளைஞர்கள். அவர்கள் கையில் ஒரு பச்சிளங்குழந்தை வந்து சேர்கிறது. இக்கதை பல மொழிகளில் பயணம் செய்தது. 1985இல் கொலீன் செரோ பிரெஞ்சில் எடுத்த படம் 1987இல் ஹாலிவுட்டுக்குச் சென்றது. அங்கிருந்து 1990இல் மலையாளத்துக்கும், மறு ஆண்டு பாண்டியராஜன், ஆனந்த்பாபு நடிப்பில் தமிழுக்கும், 2007இல் 'ஹே பேபி' என இந்திக்கும் வந்தது. மலையாளத் தலைப்பின் பொருள் 'இறகின் தீண்டல்'. தமிழில் வைத்த பெயர் 'தாயம்மா'. ஆடவர் குழந்தை வளர்க்கும் கதைக்குத் தமிழில் அமைந்த தலைப்பில் தாயும் உண்டு, அம்மாவும் உண்டு.

படத்தைப் பார்த்து அவர் வாய்விட்டுச் சிரித்தார். குழந்தை ஏன் அழுகிறது என்றறியாமல் ஆடவர் திகைப்பதும், துணி மாற்றத் தெரியாமல் தடுமாறுவதும் எவரையும் சிரிக்க வைக்கும். சற்று நேரத்தில் அவர் மகள் தொட்டிலை நனைத்தாள். எழுந்து துணி மாற்றி, துடைத்து, மீண்டும் படுக்க வைத்தார். அதில் சிரிக்க ஒன்றுமில்லை. அப்போதுதான் அவருக்கு அந்த ஐயம் எழுந்தது: சற்றுமுன் தாம் எதைக் கண்டு சிரித்தோம்?

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்குக் கூறும் நான்கு நிலைக்களன்களுள் பேதைமையும் மடனும் அடங்கும். இத்தகைய படங்களின் நகை அவ்விரண்டிலிருந்தே பிறக்கிறது. ஆடவனின் அறியாமையே அதன் முதல். ஆனால் முதற்குழந்தையைப் பெற்ற பெண்ணும் அதே அறியாமையுடன்தான் தொடங்குகிறாள். பால் புரையேறினால் என்ன செய்வது, நள்ளிரவுக் காய்ச்சலுக்கு எப்போது மருத்துவரிடம் ஓடுவது என்பவை எவருக்கும் பிறவியிலேயே தெரிந்தவை அல்ல. தாய் தடுமாறினால் அதைக் குற்றம் என்கிறோம். தந்தை தடுமாறினால் சிரிக்கிறோம். சிரிப்பு அவனை மன்னித்துவிடுகிறது. மன்னிக்கப்பட்டவன் கற்றுக்கொள்ள வேண்டியதில்லை.

இதன் மறுபக்கத்தையும் அவர் அறிவார். காய்ச்சல் கண்ட மகளுடன் ஒருநாள் மருத்துவமனை வரிசையில் அமர்ந்திருந்தபோது, அருகிலிருந்த முதிய பெண்மணி "அம்ம எவிடெ?" என்று கேட்டார். பணிக்குச் சென்றிருப்பதாகச் சொன்னதும், அவர் முகத்தில் இவர்மீது இரக்கமும் பாராட்டும் ஒருசேரத் தெரிந்தன. அன்று மாலை வீடு திரும்பிய மனைவியிடம் உறவினர் ஒருவர் தொலைபேசியில் கேட்ட முதற்கேள்வி: "காய்ச்சலாக் கெடக்க பிள்ளைய விட்டுட்டா போன?" ஒரே பகல், ஒருவருக்குப் பாராட்டு, மற்றவருக்குக் குற்றச்சாட்டு.

நம் விதிகளின் சொற்களும் இவ்வழியே செல்கின்றன. மகப்பேற்று நலச் சட்டத்தின் 2017ஆம் ஆண்டுத் திருத்தம், 50 அல்லது அதற்கு மேற்பட்டோர் பணிபுரியும் நிறுவனங்களில் குழந்தைகள் காப்பகம் வேண்டும் என்றது. நாளுக்கு நான்குமுறை அங்குச் சென்றுவரும் உரிமையைப் பெண்ணுக்கு மட்டும் எழுதியது. மத்திய அரசுப் பணியில் தாய்க்கு 180 நாள் விடுப்பு, தந்தைக்கு 15 நாள். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2022ஆம் ஆண்டு முனைவர் பட்ட நெறிமுறைகள் பெண் ஆய்வாளர்களுக்கு மகப்பேறு, குழந்தைப் பராமரிப்பு விடுப்பாக 240 நாள் வரை அளிக்கின்றன. அது பெண்களுக்கு நெடுங்காலம் மறுக்கப்பட்ட உரிமை. அதில் ஒரு நாளும் குறையலாகாது. எனினும், மகப்பேறு பெண்ணின் உடலுக்குரியது, பராமரிப்பு அப்படியன்று. இரண்டையும் ஒரே வரியில் வைத்துப் பெண்ணுக்கு மட்டும் கொடுக்கும் விதி, பிள்ளை அவள் பொறுப்பு என்பதையும் சேர்த்தே எழுதிவிடுகிறது.

அதே திருவனந்தபுரத்தின் தைக்காட்டில், கேரள மாநிலக் குழந்தைகள் நல மன்றத்தில், 2002 முதல் ஒரு மின்னணுத் தொட்டில் இயங்குகிறது. வளர்க்க இயலாத குழந்தையை அங்கு இட்டுச் சென்றால், உள்ளிருப்போர் உடனே அறிந்து எடுத்துக்கொள்வர். எத்தனையோ உயிர்களைக் காத்த அத்தொட்டிலின் பெயர் 'அம்மத்தொட்டில்'. கைவிடப்பட்ட குழந்தைக்கும் எங்கோ ஒரு தந்தை உண்டு. அவனைத் தொட்டிலின் பெயரும் தேடுவதில்லை.

ஆய்வாளர் அரையாண்டுக்கு ஒருமுறை ஆய்வு ஆலோசனைக் குழுவின்முன் தம் பணியை முன்வைக்க வேண்டும். மூன்றாம் இயல் முடியவில்லை. அவகாசம் கேட்டு எழுத வேண்டியதாயிற்று. 'உடல்நலக் குறைவு' என்று எழுதிவிடும்படி நண்பர்கள் அறிவுறுத்தினர்; அதற்கு மருத்துவச் சான்று கிடைப்பதும் எளிது. மனைவியிடம் கேட்டார். "பொய்யை எழுதினா, நீங்க செஞ்ச வேலை எந்தக் கணக்குலயும் வராதே" என்றார் அவர்.

அன்றிரவு அவர் விண்ணப்பத்தில் காரணத்தை ஒரே வரியில் எழுதினார்: 'என் மகளைக் கவனித்துக்கொண்டமையால்.' அதைப் படிக்கும் குழு சிரிக்கலாம், பாராட்டவும் செய்யலாம். அவர் வேண்டுவது அவ்விரண்டும் அல்ல. இரண்டு மாத அவகாசம். விடை இன்னும் வரவில்லை. தொட்டிலில் மகள் விழித்துக்கொண்டிருக்கிறாள்.