கேப்டன் ஆவதற்கு முன்பே டாக்டர்

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். போருக்குப் போன பெண் என்றால் எங்கள் வகுப்பில் ழான் தார்க்தான். ஜான்சி ராணியை உத்தியோகத்துக்கு வந்த பிறகுதான் அறிந்தேன். கேப்டன் லட்சுமியை அதற்கும் பிறகு.

இந்தச் சுதந்திர தினத்தில் எங்கள் திருவாதவூரில் ஒரு சிறுமி தொப்பியும் மரத்துப்பாக்கியுமாக லட்சுமி வேடத்தில் வந்தாள். கழுத்தில் ஸ்டெதாஸ்கோப்பும் மாட்டியிருக்கலாம் என்றேன். "டாக்டரா அவங்க?" என்றார் பக்கத்தில் இருந்த வாத்தியார். அதனால்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

1938-ல் சென்னை மருத்துவக் கல்லூரியில் எம்.பி.பி.எஸ். முடித்தவர் லட்சுமி சுவாமிநாதன். மகப்பேறு மருத்துவம் படித்துவிட்டு, 1940-ல் சிங்கப்பூர் போனார். பிழைக்கப் போன நம் ஏழைத் தொழிலாளிகளுக்கு அங்கே கிளினிக் வைத்தார். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியரிடம் விழுந்தபோது, காயம்பட்ட போர்க்கைதிகளுக்கு வைத்தியம் பார்த்தார். நேதாஜி அங்கே வந்ததோ 1943 ஜூலையில். ஆக, ராணுவ உடை போடுவதற்கு ஓராண்டு முன்பே இந்த அம்மா போருக்குள் இருந்தவர்.

ஜான்சி ராணி படையில் சேர்ந்தவர்களில் பலர் மலாயா ரப்பர் தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். சுடப் பழகிப் பர்மாவுக்குப் போனவர்களுக்கு அங்கே கிடைத்தது பெரும்பாலும் செவிலியர் வேலை. 1944-ல் இம்பாலிலிருந்து பின்வாங்கிய வீரர்கள் குண்டுக்காயத்தோடு மலேரியா, சீதபேதி எல்லாம் சுமந்து வந்தார்கள். மேமியோ மருத்துவமனையில் அவர்களைக் கவனித்தவர்கள் இந்தப் பெண்கள். சினிமாக்காரர்களுக்கு இது ருசிக்காது.

1945-ல் ஆங்கிலேயரிடம் பிடிபட்டார். மறு ஆண்டு இந்தியா திரும்பினார். 1947-ல் பிரேம் குமார் சாகலை மணந்து, கான்பூரில் குடியேறி மறுபடி வைத்தியம்.

பாரிசில் சில டாக்டர்கள் கூடி 'எல்லைகளற்ற மருத்துவர்கள்' அமைப்பைத் தொடங்கியது 1971-ல். பிரெஞ்சுப் பத்திரிகைகளில் அதைப் பற்றிப் பக்கம் பக்கமாகப் படித்திருக்கிறேன். அதே ஆண்டில் கிழக்கு வங்காளத்திலிருந்து லட்சக்கணக்கில் அகதிகள் வந்து குவிந்த எல்லையில், போங்காவ் முகாமில், 56 வயதில் இந்த அம்மா நோயாளிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதை எந்தப் பத்திரிகையும் எனக்குச் சொல்லவில்லை.

2002-ல் ஜனாதிபதி தேர்தலில் நின்றபோதும் எல்லோருக்கும் அவர் 'கேப்டன்'தான். தொண்ணூறு வயதிலும் கான்பூர் கிளினிக்குக்குப் போய்வந்தார். 2012 ஜூலை 23 அன்று, 97 வயதில் காலமானார். அவர் விருப்பப்படியே உடல் கான்பூர் மருத்துவக் கல்லூரிக்குப் போனது, மாணவர்கள் படிக்க.