தவில் இல்லாத மல்லாரி

2020 மார்ச் கடைசியில் ஊரடங்கு வந்தபோது சித்திரை, வைகாசி முகூர்த்தங்களுக்கு நாகஸ்வரம் வாசிக்க வாங்கிய அட்வான்ஸ் கையில் இருந்தது. ஒவ்வொன்றாகத் திருப்பிக் கொடுத்தோம். மதுரையில் மீனாட்சி திருக்கல்யாணமே அந்த வருஷம் பக்தர்கள் இல்லாமல் நடந்தது. மண்டபக் கல்யாணத்தைப் பற்றிக் கேட்பானேன். எங்கள் செட்டின் தவில்காரர் காய்கறி வண்டி தள்ளப் போனார். ஓய்வு கிடைத்தது நல்லதுக்குத்தான் என்று அப்போது சொன்னவர்கள் மாதச் சம்பளக்காரர்களாகத்தான் இருக்க வேண்டும்.

நாகஸ்வரம் வீட்டுக்குள் அடங்குகிற வாத்தியம் இல்லை. தேரோடும் வீதிக்கு ஆனது. அதற்காக உறையில் போட்டுக் கட்டியும் வைக்க முடியாது. வாயில் வைத்து ஊதும் சீவாளி கொறுக்கைத் தட்டையில் செய்தது. எச்சில் படாமல் கிடந்தால் விறைத்துக்கொள்ளும், சுருதி நிற்காது. எதற்காக வாசிக்கிறோம் என்ற பெரிய கேள்வியெல்லாம் பிறகுதான் வந்தது. முதலில் சீவாளியை நனைக்கத்தான் காலையில் உட்கார்ந்தேன்.

கை தானாகப் போனது மல்லாரிக்கு. சுவாமி புறப்பாட்டுக்கு வாசிப்பது, கம்பீரநாட்டையில், சாகித்தியம் இல்லாமல். தளிகை மல்லாரி, தீர்த்த மல்லாரி, தேர் மல்லாரி என்று சமயத்துக்கு ஒன்று உண்டு. மூன்று காலத்திலும் வாசிக்க வேண்டும். துரித காலத்தில் விரல் ஓடிவிடும். விளம்பத்தில்தான் மூச்சின் யோக்கியதை தெரியும். காற்று ஒரு இழை குறைந்தாலும் மேல் ஷட்ஜம் பிசிறும். பக்கத்தில் தவில் முழங்கும்போது அந்தப் பிசிறு யார் காதிலும் விழாது. தவில் இல்லாத கூடத்தில் எனக்கு அது மட்டும்தான் கேட்டது. அதைச் சரிசெய்ய வேண்டும் என்பதே மறுநாள் எழுந்திருக்கக் காரணமாயிற்று. கூலியில்லை, சுவாமியில்லை, கேட்க ஆளில்லை. ஆனால் வேலை இருந்தது.

மாலையில் தோடி. திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை மணிக்கணக்கில் விரித்த ராகம். மண்டபத்தில் எங்களுக்குப் பத்து நிமிஷம் கிடைத்தால் அதிகம். அதற்குள் யாராவது வந்து சினிமாப் பாட்டுச் சீட்டை நீட்டிவிடுவார்கள். சினிமாப் பாட்டு மட்டம் என்று சொல்லவில்லை, அதுவும் எங்களுக்குச் சோறு போடுகிறது. ராகத்துக்கு இடம் விடாமல் அதையே கேட்பதுதான் வருத்தம்.

இப்போது முகூர்த்தங்கள் திரும்பிவிட்டன, சீட்டும் திரும்பிவிட்டது. கல்யாணம் வைத்திருப்பவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன்: மாப்பிள்ளை அழைப்பன்று அரைமணி நேரம் ஸ்பீக்கரை அணைத்துவிட்டு, எங்களை ஒரு ராகம் வாசிக்க விடுங்கள்.