கூறை மாத்துற இருபது நிமிசம்

கலியாணப் பொம்பிளைக்கு அலங்காரக் குறிப்புச் சொல்லுகிற வீடியோக்கள் எங்கட போன்களில் குவிந்து கிடந்தன. திருநெல்வேலியில் ஒரு வீட்டு மேல்மாடியில் நாலு பேராக வாடகைக்கு இருந்தோம். நாலில் ஒருத்திக்குக் கலியாணம் நிச்சயமான நாளிலிருந்து, படிக்கிறோம் என்று சொல்லிக்கொண்டு மிச்ச மூன்று பேரும் பார்த்த வேலை அதுதான். அந்த வீடியோக்களில் வருகிற பொம்பிளைகள் எல்லாரும் ஏசி போட்ட ஹோட்டல் அறையில் இருந்து ஆறுதலாக வெளிக்கிடுகிறார்கள். ஓமப்புகை இல்லை. வியர்வை இல்லை. "நேரம் போகுது, பொம்பிளையைக் கெதியா அனுப்புங்கோ" என்று கதவில் தட்டுகிற பெரியப்பாவும் இல்லை. எங்கட பொம்பிளைக்குக் கலியாணம் கிளிநொச்சியில், ஆவணி மாதத்தில், மின்விசிறி மட்டும் சுற்றுகிற ஒரு மண்டபத்தில்.

அவளுக்கு நாங்களே வெளிக்கிடுத்துவது என்ற எண்ணம் முதலில் எங்களுக்கு இருக்கவில்லை. ஒரு அழகுக்கலை நிலையத்தில் 85,000 ரூபாவுக்குப் பேசி, 20,000 முற்பணமும் கட்டியாகிவிட்டது. இரண்டு மாதத்துக்கு முன்னம் ட்ரையலுக்குக் கூப்பிட்டார்கள். நாங்களும் கூடப் போனோம். ஒன்றரை மணித்தியாலம் கழித்துக் கதிரையைத் திருப்பினபோது அவள் கண்ணாடியைப் பார்த்தாள், பிறகு தன்ர கையைத் தூக்கி முகத்துக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். கை ஒரு ஆளுடையது, முகம் வேற ஆளுடையது.

"அக்கா, இது கொஞ்சம் வெள்ளை கூடிப்போச்சு."

"வீடியோவில இப்பிடித்தான் நல்லா வரும் தங்கச்சி. உம்மட நிறத்துக்கு இதைவிடக் குறைச்சா மாப்பிளை வீட்டாக்கள் என்ன சொல்லுவினம்?"

மாப்பிளை வீட்டாக்கள் ஒண்டும் சொல்லியிருக்கவில்லை. மாப்பிளை அவளை மூன்று வருசமாகத் தெரிந்த ஆள். அவள் என்ன நிறம் என்பது அவருக்குப் புதினமில்லை. வீட்டுக்கு வந்து முகம் கழுவ, துவாய் முழுக்கச் சந்தன நிறத்தில் ஒரு முகம் ஒட்டிக்கொண்டு கிடந்தது. அண்டு இரவு சொன்னாள்: "காசு போனாப் போகட்டும். நீங்கள் மூண்டு பேரும் வெளிக்கிடுத்துங்கோ." எங்களுக்குச் சந்தோசமா என்று கேட்டால், வயிற்றைக் கலக்கினது என்பதுதான் உண்மை. முற்பணம் திரும்பி வரவில்லை.

ஆகவே இனி வருகிறவை வல்லுநர் குறிப்புகள் இல்லை. நாங்கள் பிழை விட்டுப் பழகினவை.

முகத்தில் இருந்து தொடங்குவோம். பவுண்டேசனைப் பலர் புறங்கையில் பூசிப் பார்த்து வாங்குகிறார்கள். கையின் நிறமும் முகத்தின் நிறமும் ஒன்றில்லை. தாடையில் தொடங்கிக் கழுத்து வரைக்கும் ஒரு கோடு இழுத்துவிட்டு, கடைக்கு வெளியே வந்து பகல் வெளிச்சத்தில் பாருங்கள். கோடு எங்கே என்று தேட வேண்டி வந்தால் அதுதான் உங்கட நிறம். கடைக்குள் இருக்கிற ரியூப் லைற்றை நம்பக்கூடாது. நாங்கள் நம்பி ஒரு போத்தல் வீணாக்கினோம். அடுத்தது, கமராவின் பிளாஷ். வெயிலுக்குப் பூசுகிற கிறீம்களில் சிலவற்றில் இருக்கிற சிங்க் ஒக்சைட்டும் டைட்டேனியம் டையொக்சைட்டும், சில வெள்ளைப் பவுடர்களும் பிளாஷ் பட்டவுடன் முகத்தைச் சாம்பல் பூசின மாதிரிக் காட்டும். கண்ணாடியில் தெரியாது, படத்தில்தான் தெரியும். அதனால் எல்லாம் பூசி முடிய, லைற்றை நிற்பாட்டிவிட்டு போன் பிளாஷில் ஒரு படம் எடுத்துப் பார்ப்பது எங்கட வழக்கமாகியது. வியர்த்தால் ரிசுவால் ஒற்ற வேணும், துடைக்கக்கூடாது. மஸ்காரா தண்ணீருக்குக் கரையாததாக இருக்க வேணும். அழமாட்டேன் என்று சொல்லுகிற பொம்பிளைக்கும் ஓமப்புகை இருக்கு. கண்ணுக்குள் நிற லென்ஸ் போடுகிற யோசனையையும் அந்தப் புகைக்காகவே விட்டோம்.

கலியாணத்துக்குக் கிட்டடியில் புதுசாக ஒன்றையும் முகத்தில் தொடங்கக்கூடாது. பேஷியலோ பிளீச்சோ செய்து பழக்கமில்லாத தோலுக்குக் கடைசிக் கிழமையில் செய்தால், சிவந்து தடித்து வருவதை மறைக்க இன்னும் ஒரு படை மேக்கப் பூச வேண்டி வரும். அவளுடைய சித்தி ஒருத்தி "பத்தே நாளிலை வெளிச்சிடும்" என்று ஒரு டப்பா கொண்டுவந்து தந்தா. என்ன போட்டிருக்கு என்று அதில் ஒரு எழுத்தும் இல்லை. இப்படியான கிறீம்களில் பாதரசமும் ஸ்டீரொய்டும் கலந்திருப்பது உலகம் முழுக்கப் பலதரம் பிடிபட்ட விசயம். பாதரசம் சிறுநீரகத்தைப் பழுதாக்கும், ஸ்டீரொய்டு தோலை மெல்லிசாக்கும். சித்தியிடம் நன்றி சொல்லி வாங்கி, குப்பைக்குள் போட்டோம்.

மருதோன்றியை இரண்டு நாளுக்கு முன்னமே போட்டுவிட வேணும். கழுவினவுடன் செம்மஞ்சளாகத்தான் இருக்கும், ஒன்று இரண்டு நாளில்தான் கறுத்துச் சிவக்கும். உடனே கறுப்பாகப் பிடிக்கும் என்று விற்கிற கோன்களை வாங்காதீர்கள். பலவற்றில் தலைமுடிக்குப் பூசுகிற சாயத்தின் ரசாயனம் கலந்திருக்கும். சிலருக்குக் கை கொப்பளித்துத் தழும்பே விழும்.

ஒருத்தரும் எழுதாத ஒன்றையும் சொல்ல வேணும். நாள் பார்க்கிற போது வீட்டில் பெரியாக்கள் பொம்பிளையின் மாதத் தேதியையும் கேட்டு வைத்துத்தான் பார்ப்பார்கள். அப்படிப் பார்த்தும் தேதி பிசகும், ஏனென்றால் கலியாணப் பதட்டத்துக்கு நாள்காட்டி தெரியாது. தள்ளிப்போடுகிற குளிசையை மருந்துக்கடையில் தாங்களாகவே வாங்கிப் போடாமல், முன்கூட்டியே ஒரு டொக்டரிடம் கேளுங்கள். எல்லாருக்கும் அது ஒத்துவராது. வந்தாலும் உலகம் அழியாது. இரண்டு பாட்டும் ஒரு கறுப்பு உள்ளாடையும் தோழியின் பையில் இருந்தால் போதும்.

இனிக் கூறை. இதில்தான் எங்களுக்குப் பாதி உயிர் போனது.

தெரியாதவர்களுக்காக: எங்கட கலியாணத்தில் பொம்பிளை முதலில் ஒரு சேலையோடு மணவறைக்கு வருவாள். கன்னிகாதானம் முடிய, மாப்பிளை வீட்டார் எடுத்த கூறையையும் தாலியையும் தட்டத்தில் வைத்துச் சபையில் ஆசி வாங்கக் கொண்டு போவார்கள். பிறகு மாப்பிளை கூறையைக் கையில் கொடுக்க, பொம்பிளை எழும்பிப் போய் அதை உடுத்துக்கொண்டு வர வேணும். வந்த பிறகுதான் தாலி. முகூர்த்தம் முடிகிறதுக்குள் இதெல்லாம் நடக்க வேணும் என்பதால் சேலை மாற்ற எங்களுக்குக் கிடைக்கிறது இருபது நிமிசம், மிஞ்சினால். காலையில் மூன்று மணித்தியாலம் எடுத்துச் செய்த அலங்காரத்தை இருபது நிமிசத்தில் கழற்றித் திரும்பப் பூட்ட வேணும்.

அந்தக் கிழமை அவளுடைய வீட்டில், அவளுடைய அம்மாவின் பழைய பட்டுச் சேலை ஒன்றை வைத்து, போனில் நேரம் போட்டுப் பழகினோம். முதல்தரம் 38 நிமிசம். நகையைக் கழற்றவே பத்து நிமிசம் போனது. சட்டை மாற்றினதில் கொண்டை சரிந்தது. அதற்குப் பிறகு யோசித்துச் சிலதை மாற்றினோம். இரண்டு சேலைக்கும் ஒரே சட்டை என்று முடிவெடுத்தோம். கூறை அரக்கு நிறம், அதனால் முதல் சேலையை அந்தச் சட்டைக்குப் பொருந்துகிற மாதிரி எடுத்தோம். சட்டையைப் போட்டுக்கொண்டு நிலத்தில் சம்மணம் கட்டி இருந்தும், மாலை போடுகிற மாதிரி இரண்டு கையையும் தூக்கியும் பார்க்கச் சொன்னோம். தையல்கார அக்கா உள்ளுக்குள் துணி விட்டுத் தைத்திருந்ததால் கக்கத்தில் கொஞ்சம் விரிக்க முடிந்தது. பெரிய நகைகளைக் கூறைக்குப் பிறகுதான் போடுவது, முதல் சேலைக்கு ஒரு அட்டியல் மட்டும். ஒட்டியாணம் இரண்டாவதுக்கு மட்டும்.

அப்படியும் 27 நிமிசம். கொசுவம்தான் பிரச்சினை. புதுப் பட்டு விறைத்துக்கொண்டு நிற்கும், மடிக்க மடிக்க விரியும். நாங்கள் மூன்று பேரும் நிலத்தில் இருந்து அதோடு சண்டை பிடித்துக்கொண்டிருக்க, அன்ரி, அதாவது அவளுடைய அம்மா, குசினிக்குள் இருந்து வந்து பார்த்துக்கொண்டு நிண்டா.

"தள்ளுங்கோ பிள்ளையள்."

நாலு விரலில் அளந்து, ஏழு மடிப்பு, ஒரே இழுவையில் எடுத்தா. தோள் மடிப்பை முதல் நாளே மடித்து அயன் பண்ணி, துணி உலர்த்துகிற கிளிப் போட்டு வைக்கச் சொன்னதும் அவதான். பின் குத்தும்போது முதலில் ஒரு சின்ன மணியை ஊசியில் கோர்த்துவிட்டுக் குத்தினால் பட்டு பின்னின் சுருளுக்குள் சிக்கிக் கிழியாது என்பதும் அவ காட்டித் தந்தது. இதை ஒரு வீடியோவிலும் நாங்கள் பார்க்கவில்லை.

"அன்ரி, உங்கட கூறை இருக்கா?" என்று எங்களில் ஒருத்தி கேட்டுவிட்டாள்.

"அது மண் மூட்டையாப் போச்சு" எண்டா. "பங்கருக்குப் போட மூட்டை காணேல்லை. எல்லாரும் சீலையளைத்தான் தைச்சது."

அவளுடைய அப்பா 2009இல் காணாமல் ஆக்கப்பட்டவர். அன்ரி மரணச் சான்றிதழ் எடுக்கவில்லை, பொட்டையும் அழிக்கவில்லை. 2017 மாசி 20இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் உறவுகள் போராட்டம் தொடங்கினபோது அங்கே வெயிலுக்குள் போய் இருந்தவர்களில் அவவும் ஒருத்தி. ஆனால் கலியாண வீடு என்று வந்தால் ஊர் தன்பாட்டில் ஒரு முடிவு எடுத்து வைத்திருக்கும். தாரை வார்க்கப் பெரியப்பாவும் பெரியம்மாவும். ஆராத்திக்கு வேற இரண்டு பேர். அன்ரிக்குச் சமையல் பக்கம். அதை அவவே முந்திக்கொண்டு சொன்னா, மற்றவர்கள் சொல்ல வைக்காமல். அவள் அதற்கு வாய் திறக்கவில்லை. எங்களிடம் மட்டும் சொன்னாள்: "கூறை அம்மாதான் உடுத்திவிட வேணும். உள்ளுக்க ஆர் நிக்கிறது எண்டதை நீங்கள் பாத்துக்கொள்ளுங்கோ."

நாங்கள் எழுதி வைத்திருந்த குறிப்புகளில் இது இருக்கவில்லை. ஆனால் எங்களிடம் யாராவது ஒரே ஒரு குறிப்புக் கேட்டால் இதைத்தான் சொல்லுவோம்: உடுப்பு மாற்றுகிற அறைக்குள் யார் நிற்பது என்பதைப் பொம்பிளை முன்னமே தீர்மானிக்க வேணும், திறப்பு ஒரு தோழியின் கையில் இருக்க வேணும்.

கலியாணத்தண்டு விடிய நாலு மணிக்குத் தொடங்கினோம். இரண்டு இடியப்பம் வற்புறுத்தித் தீத்தி, பாவாடை நாடாவை அதற்குப் பிறகுதான் கட்டினோம். வெறும் வயிற்றில் இறுக்கிக் கட்டினால் மயக்கம் வரும். ஜீவனி கரைத்த போத்தலில் ஒரு ஸ்ட்ரோ போட்டு வைத்திருந்தோம், உதட்டுச்சாயம் கலையாமல் குடிக்க. தலைக்குச் சவுரி வைக்கவில்லை, அவளுடைய முடியே போதும். மல்லிகையை ஈரத் துணியில் சுற்றி வைத்துக் கடைசியாகத்தான் வைத்தோம். பின்கழுத்தை மட்டும் வெறுமையாக விட்டோம். கொடியின் சுரையை மாப்பிளை பின்னால் வைத்துத்தான் பூட்ட வேணும், அந்த நேரம் அட்டியல் கயிறும் பூச்சரமும் அங்கே சிக்கிக் கிடந்தால் அந்த மனுசனின் கை நடுங்கும். போன வருசம் ஒரு கலியாணத்தில் அப்படி நடுங்கினதைக் கண்ணால் கண்டிருக்கிறோம்.

கூறையோடு அவள் உள்ளே வந்தபோது பின்னாலேயே வீடியோக்காரத் தம்பியும் மூன்று மாமிமாரும் வந்தார்கள். தம்பியை வெளியில் நிற்கச் சொன்னோம். மாமிமாரில் ஒருத்தி உள்ளே அன்ரியைக் கண்டுவிட்டு, "கூறை உடுத்தேக்க தாய் ஏன் பிள்ளை உதுக்குள்ள?" என்று எங்களிடம் மெதுவாகத்தான் கேட்டா. கெட்ட மனுசி இல்லை, அதிகாலையில் இருந்து பூக் கட்டினவ. "இடம் காணாது மாமி, ஐஞ்சு நிமிசம்" என்று சொல்லிக் கொண்டியைப் போட்டோம்.

உள்ளே ஒருத்தரும் கதைக்கவில்லை. ஒருத்தி நகை, ஒருத்தி பின், ஒருத்தி நேரம். அன்ரி முழந்தாளில் நிண்டு கொசுவம் எடுத்தா. ஏழு மடிப்பு, ஒரே இழுவை. 16 நிமிசம். மிச்சம் நாலு நிமிசத்துக்கு எங்களிடம் வேலை இருக்கவில்லை. அவளுடைய பொட்டு வியர்வையில் கொஞ்சம் அழிந்திருந்தது. அன்ரி குங்குமச் சிமிழை எடுத்தா, எங்களைப் பார்த்தா, வைக்கலாமோ என்று கேட்கவில்லை. வைச்சா. நாங்கள் முகத்தைத் திருப்பி ஜீவனிப் போத்தலைத் தேடினோம்.

கதவு திறந்து அவள் போன பிறகு அன்ரி வாசலிலேயே நிண்டா. அதில் இருந்து பார்த்தால் சனத்தின் தலைகளுக்கு மேலால் மணவறை தெரியும். கெட்டிமேளம் கேட்டவுடன் எட்டிப் பார்த்தா. சுரை ஒரே தரத்தில் பூட்டுப்பட்டது.

அல்பத்தில் அந்த இருபது நிமிசத்துக்கு ஒரு படமும் இல்லை. மற்றப் படங்களில் அவள் அவளாகத்தான் இருக்கிறாள், கையும் முகமும் ஒரே நிறத்தில்.

இன்னும் ஒன்று. கூறையைக் கழற்றினவுடன் மடித்துப் பெட்டிக்குள் வைக்காதீர்கள். வியர்வை காயுமட்டும் ஒரு இரவு நிழலில், மின்விசிறிக்குக் கீழே விரித்துப் போட வேணும். அதற்கு முன்னம் பின்களை எண்ண வேணும். நாங்கள் 34 குத்தினோம், 32தான் கிடைத்தது. அடுத்த நாள் காலை அன்ரி போன் எடுத்தா. "பிள்ளையள், மிச்சம் ரெண்டும் கொசுவத்துக்குள்ள கிடந்தது. மணியோட எடுத்து வைச்சிருக்கிறன்."