நடுவில் நிற்கும் பெயர்

இம்மாநகரில் பல விண்ணப்பங்களில் தன் பெயர், தந்தை பெயர், குடும்பப் பெயர் என மூன்று கட்டங்கள் இருக்கும். நம் தமிழரிடையே தந்தையார் ஒற்றை எழுத்தாய்ச் சுருங்கி முன்னே நிற்பார். மராட்டியரிடம் அவர் முழுப் பெயரோடு நடுவில் நிற்கிறார். இரயில்வே அலுவலகத்தில் நாள்தோறும் பிறருடைய விண்ணப்பங்களைச் சரிபார்க்கும் எழுத்தனாகிய எனக்கு இது பழகிப்போன செய்தி. ஆயினும் ஒரு பெயர் அண்மையில் என்னை நிறுத்திவிட்டது.

பத்தாம் வகுப்பில் பயிலும் என் தமக்கை மகன் மராத்திப் பாடத்தில் ஒரு கவிதையை உரக்கப் படித்துக்கொண்டிருந்தான். "மாமா, இவர் பள்ளிக்கூடத்தில் பியூனாக இருந்தவராம்" என்றான். புத்தகத்தை வாங்கிப் பார்த்தேன். கவிஞர் நாராயண் சுர்வே.

1926-ஆம் ஆண்டில் பம்பாய்த் தெருவோரம் கிடந்த பச்சிளங் குழந்தை அவர். பெற்றோர் யாரெனத் தெரியாது. கங்காராம் சுர்வே என்னும் ஆலைத் தொழிலாளி எடுத்துச் சென்றார். அவர் மனைவி காசிபாயும் ஆலையில் உழைத்தவரே. இருப்பது போதாத அவ்வீட்டில் இன்னொரு வாய்க்கு இடம் கிடைத்தது. பின்னர் கங்காராம் ஓய்வு பெற்றுக் கொங்கணக் கிராமத்துக்குத் திரும்ப, சிறுவன் நகரில் தனியே நின்றான். வீட்டு வேலை, உணவு விடுதி, ஆலை என்று பல இடங்களில் பிழைத்தான். செங்கொடி இயக்கத்தில் சேர்ந்தான். தொழிலாளர் கூட்டங்களில் அவர் கவிதை சொன்னால் ஆலைக்காரர்கள் தங்கள் பேச்சையே கேட்பதுபோல் கேட்பார்களாம். நகராட்சிப் பள்ளியில் கடைநிலை ஊழியராய் இருந்துகொண்டே தேர்வெழுதி, பயிற்சி பெற்று, ஆசிரியரும் ஆனார். முதல் தொகுதி 1962-இல் வந்தது. 1966-இல் வந்த இரண்டாவதற்கு 'என் பல்கலைக்கழகம்' என்னும் பொருள்படப் பெயரிட்டார். பத்மஸ்ரீ 1998-இல் கிடைத்தது. 2010-இல் காலமானார். அவர் மனைவி கிருஷ்ணாபாயின் வாழ்க்கை நினைவுகளும் நூலாக உள்ளன. மராத்தி அறிந்த நம் பெண்மணிகள் அதைத் தேடிப் படிக்கலாம்.

நானும் கடைநிலை ஊழியனாய்ச் சேர்ந்து, இலாகாத் தேர்வெழுதி எழுத்தனானவன். ஆகவே அந்தத் தேர்வைப் பற்றிய வரியில் எனக்குப் பெருமிதமே உண்டாயிற்று. என்னைக் குத்தியது அவருடைய முழுப் பெயர்தான்: நாராயண் கங்காராம் சுர்வே. தன்னைப் பெறாத தந்தையின் பெயரை அம்மனிதர் இறுதிவரை நடுவில் சுமந்தார்.

என் தந்தையாரும் ஆலையில் இருந்தவர். 1982 ஜனவரி 18-இல் தொடங்கிய வேலைநிறுத்தத்தில் சுமார் இரண்டரை இலட்சம் பேர் வெளியே நின்றார்கள். பலர் திரும்ப உள்ளே போகவேயில்லை. அவர்களுள் என் தந்தையும் ஒருவர். அதன்பின் தாராவியிலிருந்து விடியற்காலையில் இட்டலிப் பாத்திரத்தைத் தலையில் ஏற்றிக்கொண்டு தெருத்தெருவாய் விற்றார். என் பத்தாம் வகுப்புத் தேர்வுக் கட்டணமும் அந்தப் பாத்திரத்திலிருந்தே வந்தது. பள்ளி விண்ணப்பத்தில் தந்தையின் தொழில் என்ற இடத்தில் நான் 'வணிகம்' என்று எழுதினேன். ஒருநாள் பள்ளித் தோழர்களோடு வருகையில் அவர் எதிரே வந்தார். நான் சாலையைக் கடந்து மறுபுறம் போனேன். அவர் பார்த்துவிட்டார். அன்றிரவும் எனக்குச் சோறு போட்டுவிட்டுத்தான் உண்டார். இன்றுவரை அதைப் பற்றி ஒரு சொல் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை.

அன்று மருமகன் படித்தபோது அவர் சுவரோரம் சாய்ந்திருந்தார். கவிஞரின் வரலாற்றை நான் தமிழில் சொல்லி முடித்தேன். நெடுநேரம் கழித்து, "எடுத்து வளர்த்தவர் எந்த மில்லிலே வேலை பார்த்தார்?" என்று கேட்டார்.

"கம்பளி ஆலையில், அப்பா."

"நான் பருத்தியிலே" என்றார்.

பிறகு தம் ஆலையின் வாயில் எப்பக்கம் இருந்தது, சங்கு ஊதினால் எத்தனை பேர் உள்ளே போவார்கள் என்று பேரனிடம் சொல்லத் தொடங்கினார். நான் முப்பத்தாறு ஆண்டுகளில் கேளாத பேச்சு அது. நானும் அருகே போய் உட்கார்ந்துகொண்டேன்.