பரிசீலிக்கவும்!

தீபாவளிக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, 2023-இல், பட்டுக்கோட்டைப் பக்கத்திலிருந்து தங்கை பேசினாள். "அண்ணே, ஒப்புதல் வந்துடுச்சு!" என்றாள். அவ்வளவுதான், அதற்கு மேல் அவளால் பேச முடியவில்லை.

1969-க்குப் பிறகு வேலை அனுமதிச் சிக்கலால் எங்கள் தோட்டத்தை விட்டுத் தாத்தாவோடு ஊர் திரும்பியவர் சித்தப்பா. அவருடைய மகள்தான் இவள். அங்கே அரசு உதவி பெறும் பள்ளியொன்றில் ஆசிரியை. அத்தகைய பள்ளிகளில் நிர்வாகம் ஆளை நியமிக்கும். அந்த நியமனத்தைக் கல்வித்துறை ஒப்புக்கொண்டால்தான் அரசாங்கச் சம்பளம். 2014-இல் சேர்ந்தவளுக்கு ஒப்புதல் வரவில்லை. நிர்வாகம் கொடுத்த சொற்பத் தொகையில் காலம் ஓடியது.

2018-இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனாள். பன்னிரண்டு வாரத்துக்குள் அவள் கோரிக்கையைப் 'பரிசீலித்து முடிவெடுக்கவும்' என்று துறைக்கு உத்தரவாயிற்று. வீட்டில் பாயசம் வைத்தார்களாம். எனக்கும் நகல் அனுப்பினாள், நானும் வாழ்த்தினேன். இலக்கணம் நடத்திப் பிழைக்கிற எனக்கே அந்த வினைச்சொல் உறைக்கவில்லை! பரிசீலிக்கத்தான் சொன்னார்கள், கொடுக்கச் சொல்லவில்லை.

பன்னிரண்டு வாரம் போயிற்று, பதினொரு மாதமும் போயிற்று. அந்நாட்டின் 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி, ஓராண்டுக்கு மேல் பொறுத்திருந்தால் வழக்குக் காலாவதியாகிவிடும். அவசர அவசரமாக அவமதிப்பு மனு போட்டாள். உடனே பரிசீலித்தார்கள். நிராகரித்து ஒரு கடிதம் வந்தது. உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தாயிற்று என்று மனுவும் முடிந்துபோனது.

மறுபடியும் முதலிலிருந்து புது வழக்கு. இம்முறை 'ஒப்புதல் அளிக்கவும்' என்றே உத்தரவு. துறையோ, மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்று சொல்லியே நாளைக் கடத்தியது. தடையாணை வாங்காத மேல்முறையீடு உத்தரவை நிறுத்தாதாம். வழக்கறிஞர் சொல்லித்தான் இவளுக்கே தெரியும். வளையலை விற்று இரண்டாவது அவமதிப்பு மனு போட்டாள். அச்சட்டத்தில் ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்பை நீதிமன்றம் ஏற்றால் அதுவும் இல்லை. அதிகாரி நேரில் வரவேண்டும் என்று ஆணையிட்டார்கள். அந்தத் தேதிக்கு மூன்று நாள் முன்பு ஒப்புதல் வந்து சேர்ந்தது. ஒன்பது ஆண்டு நகராத காகிதம்!

கூண்டுக்கு அழைக்கப்பட்டவர் அந்த நாற்காலிக்கு வந்து நான்கு மாதமே ஆனவராம். கோப்பைத் தூங்கவிட்டவர்கள் எப்போதோ மாற்றலாகிப் போயிருந்தார்கள். அவர்களை யார் கேட்பது?

அவள் கதையைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு என் பழைய நாட்கள்தாம் நினைவுக்கு வரும். பயிற்சிக்குப் போகுமுன் நான் தோட்டப் பள்ளியில் தற்காலிக ஆசிரியன். ஆண்டு முடிந்தால் வேலையும் முடியும். ஜனவரியில் பள்ளி திறந்துவிடும். மறுநியமனக் கடிதம் வராது. ஓராண்டு மார்ச்சில்தான் வந்தது. இரண்டாம் வகுப்புக்கு வேறு ஆள் இல்லையென்று சம்பளமில்லாமலே போய்வந்தேன். அம்மா பால்மரம் வெட்டிய காசில் மோட்டார் சைக்கிளுக்கு எண்ணெய் ஊற்றினேன். நம் நாட்டிலும் உயர் நீதிமன்றம் தன்னை அவமதிப்பவரைத் தண்டிக்கலாம் என்று அரசியல் சாசனத்தின் 126-ஆம் பிரிவு சொல்கிறது. ஆனால் நீதிமன்றம் எங்கே, நான் எங்கே? அலுவலக முகப்பில் இருந்த கிராணியிடம் "கடிதம் எப்போது வரும், ஐயா?" என்று கேட்கவே எனக்கு நாக்கு எழவில்லை. அடுத்த ஆண்டு பெயரை விட்டுவிடுவார்களோ என்ற பயம். அவளுக்கு அந்தப் பயம் இல்லாமலா இருந்திருக்கும்? தினமும் அதே துறையின் கீழ்தானே அவள் கையெழுத்துப் போட்டாள்!

பொங்கலன்று நானே கூப்பிட்டேன். சம்பளம் ஒழுங்காக வருகிறதாம். மாமியாருக்குக் கண்ணாடி வாங்கிக் கொடுத்தாளாம்.

"அந்த ஒன்பது வருஷப் பாக்கி என்னம்மா ஆச்சு?" என்றேன்.

"அதைப் பரிசீலிக்கிறாங்களாம், அண்ணே."

இருவரும் சிரித்துவிட்டோம். பிறகு நான் சொன்னேன்: "இனி எந்த உத்தரவு வந்தாலும் பாயசம் வைக்குமுன் எனக்கு நகல் அனுப்பு. வினைச்சொல்லை நான் பார்த்துச் சொல்கிறேன்."